பக்கத்து உலகத்துக்குக் கதவு திறக்கும் பெட்டி: 'டார்க் மேட்டர்' கருவி எப்படி வேலை செய்கிறது? நிஜத்தில் சாத்தியமா?

"அன்னைக்கு மட்டும் அந்த வேலையை விடாம இருந்திருந்தா...", "அந்தச் சம்பந்தத்துக்கு மட்டும் சரின்னு சொல்லியிருந்தா..." இப்படி ஒரு 'இருந்திருந்தா' இல்லாத ஆளே கிடையாது. அந்த 'இருந்திருந்தா' நிஜமாகவே நடந்த உலகம் ஒன்று பக்கத்திலேயே இருக்கிறது, அங்கே போக ஒரு பெட்டியும் இருக்கிறது என்றால்? நீங்கள் அங்கே போவீர்களா? அதைவிட முக்கியமாக, அங்கே இருக்கும் 'நீங்கள்' கிளம்பி இங்கே வந்துவிட்டால்?

அமெரிக்க எழுத்தாளர் பிளேக் கிரவுச் 2016-ல் வெளியிட்ட 'டார்க் மேட்டர்' நாவலின் மையம் இதுதான். 2024 மே மாதம் ஆப்பிள் டிவி பிளஸ் தளத்தில் ஜோயல் எட்ஜர்டன், ஜெனிபர் கானலி நடிப்பில் 9 எபிசோடுகள் கொண்ட தொடராகவும் வந்தது. கதையில் வரும் அந்தப் பெட்டி எப்படி வேலை செய்கிறது, அதில் எவ்வளவு அறிவியல், எவ்வளவு கற்பனை, இதைச் சுற்றி சோஷியல் மீடியாவில் ஓடும் கதைகளில் எவ்வளவு உண்மை... விரிவாகப் பார்க்கலாம்.

(ஸ்பாய்லர் எச்சரிக்கை: தொடரை இன்னும் பார்க்காதவர்கள் கவனம்!)

கதை என்ன?

ஜேசன் டெசன், சிகாகோவில் ஒரு சிறிய கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுக்கும் சாதாரண ஆசிரியர். மனைவி டேனியலா, டீன் ஏஜ் மகன் சார்லி. 15 வருஷத்துக்கு முன்பு பெரிய ஆராய்ச்சியாளராக வரும் வாய்ப்பு அவருக்கு இருந்தது. ஆனால் டேனியலா கர்ப்பமானபோது குடும்பம்தான் வேண்டும் என்று முடிவெடுத்தார். ஆராய்ச்சி அப்படியே நின்றுபோனது.

ஒரு நாள் இரவு வீடு திரும்பும் வழியில் முகமூடி போட்ட ஒருவன் அவரைத் துப்பாக்கி முனையில் கடத்துகிறான். கைவிடப்பட்ட மின் நிலையம் ஒன்றுக்குக் கூட்டிப்போய் ஊசி போடுகிறான். கண்விழித்தால், அங்கே இருக்கும் எல்லோருக்கும் ஜேசனைத் தெரிகிறது; ஜேசனுக்குத்தான் யாரையும் தெரியவில்லை. அந்த உலகத்தில் அவர் கல்யாணமே ஆகாத, விருது வாங்கிய பெரிய விஞ்ஞானி. மகன் சார்லி அங்கே பிறக்கவே இல்லை.

முகமூடிக்குள் இருந்தது யார்? இன்னொரு ஜேசன்! ஆராய்ச்சியைத் தேர்ந்தெடுத்து, ஜெயித்து, கடைசியில் 'குடும்பம் இல்லாமல் போச்சே' என்று ஏங்கியவர். அவர் கட்டியதுதான் அந்தப் பெட்டி. அதன் வழியாக வந்து முதல் ஜேசனின் வீடு, மனைவி, மகன் எல்லாவற்றையும் எடுத்துக்கொள்கிறார்.

பெட்டி: ஒரு பார்வையில்

- எப்படி இருக்கும்: ஒரு சிறிய அறை அளவுள்ள, கதவு வைத்த கனசதுரப் பெட்டி
- யார் கட்டியது: இரண்டாவது ஜேசன், பணம் போட்டது 'வெலாசிட்டி லேபரட்டரீஸ்' என்ற கற்பனை நிறுவனம்
- கூடத் தேவையானது: மூளையின் ஒரு செயல்பாட்டைச் சிறிது நேரம் நிறுத்திவைக்கும் ஊசி மருந்து
- உள்ளே தெரிவது: முடிவே இல்லாத நடைபாதை, இருபக்கமும் வரிசையாகக் கதவுகள்
- ஒவ்வொரு கதவுக்கும் பின்னால்: ஒரு இணை உலகம்
- எந்த உலகம் என்று முடிவுசெய்வது: கதவைத் திறப்பவரின் மனநிலை

இது டைம் மெஷினா?

இல்லை. இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். டைம் மெஷின் என்பது ஒரே காலக்கோட்டில் முன்னே பின்னே போவது. நம் 'இன்று நேற்று நாளை' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கடந்த காலத்தில் ஒரு சின்ன விஷயம் மாறினால், நிகழ்காலம் மொத்தமும் மாறிவிடும். இருப்பது ஒரே கோடு; அதைத்தான் அழித்து அழித்து எழுதுகிறார்கள்.

'டார்க் மேட்டர்' பெட்டியில் தேதி மாறாது. இங்கே செவ்வாய்க்கிழமை என்றால் அங்கேயும் செவ்வாய்க்கிழமைதான். மாறுவது வரலாறு மட்டும். எந்தக் கோடும் அழியாது. ஒரு கோட்டில் இருந்த ஆள் இன்னொரு கோட்டுக்கு மாறுகிறார். ரயில் பயணம் மாதிரி யோசித்தால், டைம் மெஷின் அதே தண்டவாளத்தில் ரிவர்ஸ் எடுப்பது. இந்தப் பெட்டி பக்கத்துத் தண்டவாளத்துக்குத் தாவுவது.

எப்படி வேலை செய்கிறது? 4 படிகள்

1. ஒரே நேரத்தில் இரண்டு நிலை: எலக்ட்ரான் போன்ற மிகச் சிறிய துகள்கள், ஒரே நேரத்தில் ஒன்றுக்கும் மேற்பட்ட நிலைகளின் கலவையாக இருக்க முடியும். இதை 'சூப்பர்பொசிஷன்' என்கிறார்கள். இது கற்பனை இல்லை. சோதனைகளில் பலமுறை உறுதியான விஷயம்.

இதைப் பெரிய பொருளுக்கும் பொருத்தினால் என்ன ஆகும் என்று 1935-ல் எர்வின் ஷ்ரோடிங்கர் கேட்டார். மூடிய பெட்டிக்குள் ஒரு பூனை, ஒரு விஷக்குப்பி, ஒரு கதிரியக்க அணு. அணு சிதைந்தால் குப்பி உடையும், பூனை சாகும். அணு 'சிதைந்தது-சிதையாதது' என்ற கலவை நிலையில் இருந்தால், பூனையும் 'உயிரோடு-செத்து' என்ற கலவை நிலையிலா இருக்கும்? இப்படிப் பூனை இருக்கும் என்று சொல்வதற்காக அவர் இதைச் சொல்லவில்லை. 'இது எவ்வளவு அபத்தம் பாருங்கள்' என்று காட்டத்தான் சொன்னார். ஆனால் பூனை அவரைவிடப் பிரபலமாகிவிட்டது.

2. வெளி உலகத்தைத் துண்டிப்பது: நாம் ஏன் எந்தப் பூனையையும் அப்படிப் பார்ப்பதில்லை? காற்று மூலக்கூறு, ஒளி, வெப்பம் என்று சுற்றுப்புறம் ஓயாமல் பொருட்களின் மேல் மோதிக்கொண்டே இருக்கிறது. அந்த மோதல் கலவை நிலையைக் கண் இமைக்கும் நேரத்துக்குள் கலைத்துவிடும். இதற்குப் பெயர் 'டீகோஹெரன்ஸ்'. கதையில் வரும் பெட்டியின் முதல் வேலை இதைத் தடுப்பதுதான். வெளியில் இருந்து எதுவும் உள்ளே வராது, உள்ளே இருப்பது எதுவும் வெளியே தெரியாது.

3. பார்ப்பவரை நிறுத்துவது: சரி, வெளியே இருப்பவர்களைத் தடுத்தாச்சு. உள்ளே இருக்கும் மனிதரே பார்த்துவிட்டால்? அதற்குத்தான் ஊசி. பார்த்ததும் நிலையை ஒன்றாகக் குறுக்கிவிடும் மூளையின் வேலையை அந்த மருந்து கொஞ்ச நேரம் நிறுத்திவைக்கும் என்கிறது கதை. மருந்தின் வீரியம் இருக்கும்வரைதான் நடைபாதை. கையில் இருக்கும் குப்பிகள் தீர்ந்தால் பயணம் முடிந்தது.

4. நடைபாதையும் கதவுகளும்: எல்லா உலகங்களும் ஒன்றாகக் கலந்து கிடக்கும் நிலையை மனித மூளையால் புரிந்துகொள்ள முடியாது. அதனால் தனக்குத் தெரிந்த உருவத்தில் அதைக் கற்பனை செய்துகொள்கிறது. அதுதான் முடிவில்லாத நடைபாதை. கதவைத் திறந்ததும் ஒரு உலகம் உறுதியாகிவிடும்.

எந்த உலகம்? இங்கேதான் கதையின் திருப்பம். பயத்தோடு திறந்தால் பயங்கரமான உலகம். சாம்பல் மூடிய நகரம், கொள்ளை நோயில் செத்துக்கொண்டிருக்கும் சிகாகோ என்று ஜேசனும் மனநல மருத்துவர் அமாண்டாவும் ஒவ்வொன்றாகப் பார்க்கிறார்கள். மனசுக்குள் எங்கேயோ கிடக்கும் உணர்ச்சிதான் ஸ்டீயரிங் என்று அப்புறம்தான் புரிகிறது. தன் வீட்டுக்குத் திரும்ப வேண்டும் என்றால், அந்த வீட்டை நுணுக்கமாக நினைவுக்குக் கொண்டுவந்து எழுத வேண்டியிருக்கிறது.

பெட்டியின் பெரிய ஆபத்து என்ன?

பெட்டிக்குள் ஜேசன் எடுக்கும் ஒவ்வொரு முடிவிலும் உலகம் மறுபடி கிளை பிரிகிறது. இடது கதவைத் திறந்த ஜேசன் ஒருவர், வலது கதவைத் திறந்த ஜேசன் இன்னொருவர். எல்லோருமே 'என் வீட்டுக்குப் போகணும்' என்று துடிக்கும் அதே ஜேசன்தான். விளைவு? ஒரே வீட்டு வாசலுக்கு, ஒரே மனைவியையும் மகனையும் தேடி, ஏகப்பட்ட ஜேசன்கள் வந்து நிற்கிறார்கள்.

இதில் யார் அசல்? கைரேகை ஒன்று, டிஎன்ஏ ஒன்று, வங்கி பாஸ்வேர்டு ஒன்று, கல்யாண நாள் ஞாபகமும் ஒன்று. எந்தக் கோர்ட்டாலும் பிரித்துச் சொல்ல முடியாது. முதல் ஜேசனின் இடத்தைத் திருடியவரைக்கூட வில்லன் என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் பின்னால் வந்து நிற்பவர்கள் யாருமே திருடர்கள் இல்லையே! அத்தனை பேருக்கும் அந்தக் குடும்பத்தின் மேல் ஒரே அளவு உரிமை இருக்கிறது. தொடரைப் பார்த்தவர்கள் முடித்த பிறகும் விவாதித்துக்கொண்டிருந்தது இந்த இடத்தைப் பற்றித்தான்.

இணை உலகம் என்ற யோசனை யாருடையது?

அறிவியலில் இதைத் தொடங்கிவைத்தவர் ஹியூ எவரெட். 1957-ல் அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில், ஜான் வீலரின் மாணவராக முனைவர் பட்ட ஆய்வில் இதை முன்வைத்தார். அவர் சொன்னதைச் சுருக்கினால் இவ்வளவுதான்: கலவை நிலை குறுகி ஒன்றாவதே இல்லை. பூனை உயிரோடு இருப்பதைப் பார்க்கும் நீங்கள் ஒரு கிளையில். செத்திருப்பதைப் பார்க்கும் நீங்கள் இன்னொரு கிளையில். இரண்டுமே நிஜம்.

அந்தக் காலத்துப் பெரிய இயற்பியலாளரான நீல்ஸ் போரைக் கோபன்ஹேகனில் நேரில் பார்த்தும், எவரெட்டின் யோசனைக்கு வரவேற்பு கிடைக்கவில்லை. அவர் கல்வித்துறையை விட்டு, பென்டகனில் ராணுவ ஆய்வு வேலைக்குப் போய்விட்டார். 1970-ல் பிரைஸ் டிவிட் என்ற இயற்பியலாளர் இதை எளிமையாக எழுதிய பிறகுதான் 'பல உலகக் கோட்பாடு' வெளியே பரவியது. எவரெட் 1982-ல் தன் 51-வது வயதில் இறந்தார். ராக் இசைக் கலைஞரான அவருடைய மகன் மார்க் எவரெட், 2007-ல் பிபிசி ஆவணப்படம் ஒன்றுக்காக அப்பாவின் கோட்பாட்டைப் புரிந்துகொள்ளக் கிளம்பினார். உயிரோடு இருந்தபோது அதிகம் பேசாத அப்பாவை, அவர் எழுதிவைத்த காகிதங்கள் வழியாகத் தேடிப்போன பயணம் அது.

இன்று இந்தக் கோட்பாட்டை ஏற்கும் இயற்பியலாளர்களும் உண்டு, 'சோதித்துப் பார்க்க முடியாததை எப்படி நம்புவது?' என்று கேட்பவர்களும் உண்டு. விவாதம் முடியவில்லை.

அப்படியென்றால் பெட்டி சாத்தியமா?

இல்லை. பல உலகக் கோட்பாட்டை முழுசாக ஏற்றுக்கொண்டாலும் பெட்டி வேலை செய்யாது. ஏன்?

முதல் சிக்கல், கிளைகளுக்கு நடுவே வழியே கிடையாது. எவரெட்டின் கணக்குப்படி, ஒருமுறை பிரிந்த கிளைகள் ஒன்றையொன்று தொட முடியாது. ஆள் போவது இருக்கட்டும், ஒரு 'ஹலோ'கூட அனுப்ப முடியாது. காரணம், குவாண்டம் சமன்பாடுகளின் 'நேர்கோட்டுத் தன்மை'. ஒரு கிளையில் நடப்பது இன்னொரு கிளையின் கணக்கை மாற்றாது.

1989-ல் நோபல் பரிசு பெற்ற இயற்பியலாளர் ஸ்டீவன் வைன்பெர்க், 'இந்த நேர்கோட்டுத் தன்மையில் சின்ன விலகல் இருந்தால்?' என்று யோசித்தார். அப்படி இருந்தால் கிளைகளுக்கு நடுவே தகவல் அனுப்ப முடியும் என்று 1991-ல் ஜோசப் போல்சின்ஸ்கி கணக்குப் போட்டுக் காட்டினார். அதற்கு அவர் வைத்த பெயர் 'எவரெட் போன்'! ஆனால் அணுக்களை வைத்துச் செய்த மிகத் துல்லியமான சோதனைகளில் அப்படி ஒரு விலகல் தென்படவில்லை. போன் மணி இதுவரை அடிக்கவில்லை.

இரண்டாவது சிக்கல், எடை. 70 கிலோ எடையுள்ள ஒருவர் இந்த உலகத்தில் இருந்து மறைந்து அந்த உலகத்தில் தோன்றினால், இங்கே 70 கிலோ குறைகிறது, அங்கே 70 கிலோ கூடுகிறது. ஐன்ஸ்டைன் சமன்பாட்டின்படி 70 கிலோ பொருள் என்பது சுமார் 1,750 பில்லியன் யூனிட் மின்சாரத்துக்குச் சமமான ஆற்றல். இந்தியா முழுவதும் ஒரு வருஷத்துக்கு உற்பத்தியாகும் மின்சாரம் ஏறக்குறைய இவ்வளவுதான். ஹிரோஷிமா குண்டோடு ஒப்பிட்டால் சுமார் ஒரு லட்சம் மடங்கு. இவ்வளவு ஆற்றல் கணக்கில் இருந்து சத்தமில்லாமல் காணாமல் போக இயற்பியல் விடாது.

மூன்றாவது சிக்கல், அளவு. கலவை நிலையில் எவ்வளவு பெரிய பொருளை வைக்க முடியும் என்ற சோதனை நிஜமாகவே நடக்கிறது. 1999-ல் வியன்னாவில் 60 கார்பன் அணுக்கள் கொண்ட மூலக்கூறில் இது சாத்தியமானது. 2019-ல் சுமார் 2,000 அணுக்கள் கொண்ட மூலக்கூறு வரை போனார்கள். 2010-ல் கலிபோர்னியாவில், வெறும் கண்ணுக்கு மங்கலாகத் தெரியக்கூடிய ஒரு சின்னத் தகடு இந்த நிலைக்கு வந்தது. அதற்கும் கடும் குளிர் தேவைப்பட்டது. மனித உடலில் இருக்கும் அணுக்களோ, 7-க்குப் பின்னால் 27 பூஜ்யம் போட்டால் வரும் எண்ணிக்கை. அத்தனையையும், அதுவும் 37 டிகிரி சூட்டில் மூச்சு விட்டுக்கொண்டிருக்கும்போது, சுற்றுப்புறத்தில் இருந்து துண்டிப்பது நடக்காத காரியம்.

நான்காவது சிக்கல், மனசு. 'பார்ப்பது' என்று குவாண்டம் இயற்பியலில் சொல்வது மனித மூளை பார்ப்பதை அல்ல. ஒரு காற்று மூலக்கூறு மோதினாலே அது 'பார்த்த' மாதிரிதான். ஊசி போட்டு மூளையை நிறுத்தினாலும், உள்ளே இருப்பவரின் தோலும் ரத்தமும் மூச்சும் 'பார்த்துக்கொண்டே'தான் இருக்கும். உணர்ச்சியால் உலகத்தைத் தேர்ந்தெடுப்பது முழுக்க முழுக்க எழுத்தாளரின் கற்பனை.

இதற்கு முன்பு இப்படிக் கருவிகள் வந்திருக்கின்றனவா?

நிறைய. சுவாரசியமான விஷயம், நல்ல கதைகள் எல்லாமே அந்தக் கருவிக்கு ஒரு 'விலை' வைத்திருக்கின்றன.

- பாராடைம் கதைகள் (1948 முதல்): எச்.பீம் பைப்பர் எழுதியவை. ஒரு நாகரிகம் மட்டும் இணைக் காலக்கோடுகளுக்குப் போகும் ஊர்தியைக் கண்டுபிடிக்கிறது. தன் உலகத்தின் வளம் தீர்ந்ததால், மற்ற உலகங்களில் இருந்து ரகசியமாக எடுத்துக்கொள்கிறது. ரகசியம் வெளியே போகாமல் காக்க ஒரு போலீஸ் படையே உண்டு. விலை: மற்ற உலகங்கள் மீதான சுரண்டல்.

- தி காட்ஸ் தெம்செல்வ்ஸ் (1972): ஐசக் அசிமோவின் நாவல். ஹியூகோ, நெபுலா இரண்டு விருதுகளையும் வாங்கியது. இதில் வரும் 'எலக்ட்ரான் பம்ப்' மூலம் நம் டங்ஸ்டன் அங்கே போகிறது, அங்கிருந்து புளூட்டோனியம் இங்கே வருகிறது. இலவச மின்சாரம்! ஆனால் பொருளோடு சேர்ந்து அந்தப் பிரபஞ்சத்தின் இயற்கை விதிகளும் இங்கே கசிகின்றன. சூரியனே வெடிக்கும் ஆபத்து. இலவசத்தை விட மனமில்லாத மக்கள் எச்சரிக்கையைக் காதில் வாங்குவதில்லை.

- ஃப்ரிஞ்ச் (2008-2013): செத்துப்போன மகனுக்குப் பதிலாக, பக்கத்துப் பிரபஞ்சத்தில் இருக்கும் அதே மகனைத் தூக்கிவரும் விஞ்ஞானி அப்பா. விலை: இரண்டு பிரபஞ்சங்களும் விரிசல் விடுகின்றன.

- தி மேன் இன் தி ஹை கேஸில் (2015-2019): இரண்டாம் உலகப்போரில் ஹிட்லர் ஜெயித்த உலகம். நாஜிகள் பக்கத்து உலகத்துக்குப் போகும் எந்திரத்தைக் கட்டுகிறார்கள். அங்கே உங்கள் 'இன்னொருவர்' செத்திருந்தால்தான் நீங்கள் அங்கே போக முடியும் என்பது விதி. இரண்டு பேர் சந்திக்கும் குழப்பத்துக்கு இடமே இல்லை.

- ஸ்பைடர்-மேன்: இன்டு தி ஸ்பைடர்-வெர்ஸ் (2018): இறந்த மனைவி, மகனைத் திரும்பப் பெற வில்லன் கட்டும் ராட்சத எந்திரம். வேறு உலகத்தில் இருந்து வந்தவர்களின் உடல், இங்கே அதிக நாள் தாங்காமல் சிதைய ஆரம்பிக்கும்.

கவனித்தீர்களா? இவற்றில் பாதிக் கதைகளில் கருவியைக் கட்டவைப்பது அறிவியல் ஆர்வம் இல்லை. இழந்தவரைத் திரும்பப் பார்க்க வேண்டும் என்ற தவிப்பு.

நிஜத்தில் யாராவது முயற்சி செய்தார்களா?

ஒரு வகையில், ஆம். அணுக்கருவுக்கு வெளியே தனியாக இருக்கும் நியூட்ரான் சராசரியாக 15 நிமிஷத்துக்குக் கொஞ்சம் குறைவாக உயிர்வாழும். ஆனால் அதை ஒரு முறையில் அளந்தால் சுமார் 879 வினாடி, இன்னொரு முறையில் அளந்தால் சுமார் 888 வினாடி வருகிறது. அந்த 9 வினாடி எங்கே போனது? சில நியூட்ரான்கள் நமக்குத் தெரியாத 'கண்ணாடித் துகள்களாக' மாறிவிடுகின்றனவா என்று ஒரு சந்தேகம் எழுந்தது.

அமெரிக்காவின் ஓக் ரிட்ஜ் தேசிய ஆய்வகத்தில் லியா பிரௌசார்ட் தலைமையிலான குழு இதைச் சோதித்தது. நியூட்ரான் கற்றையைக் காந்தப்புலத்தின் வழியாக அனுப்பி, நியூட்ரான் ஊடுருவ முடியாத சுவரில் மோதவிட்டார்கள். கண்ணாடித் துகளாக மாறியவை இருந்தால் சுவரைத் தாண்டிப்போய், மறுபக்கத்தில் மறுபடி நியூட்ரானாகத் தெரிய வேண்டும். 2022-ல் முடிவு வெளியானது: அப்படி எதுவும் தெரியவில்லை. 9 வினாடிப் புதிர் இன்னும் அப்படியே இருக்கிறது. ஆனால் 2019-லேயே 'இணை உலகத்துக்குக் கதவு திறக்கும் விஞ்ஞானிகள்' என்று தலைப்புச் செய்திகள் உலகம் சுற்றிவிட்டன.

வைரல் தகவல்களில் எது உண்மை?

'செர்ன் ஆய்வகம் வேறு உலகத்துக்குக் கதவு திறந்துவிட்டது': தவறு. சுவிட்சர்லாந்து - பிரான்ஸ் எல்லையில் 27 கிலோமீட்டர் சுற்றளவுள்ள துகள் மோதல் கருவி 2022 ஜூலை 5-ல் புதிய சுற்றைத் தொடங்கியபோது இந்த வதந்தி வேகமாகப் பரவியது. அங்கே இரண்டு துகள்கள் மோதும் ஆற்றல், ஒரு டஜன் கொசுக்கள் பறக்கும் ஆற்றல் அளவுதான். அதை மிக மிகச் சின்ன இடத்தில் குவிப்பதுதான் அதன் சிறப்பு. அதைவிட வேகமான விண்வெளித் துகள்கள் நம் வளிமண்டலத்தில் மோதிக்கொண்டேதான் இருக்கின்றன. அங்கே இருக்கும் நடராஜர் சிலையையும் இந்த வதந்தியோடு முடிச்சுப் போடுகிறார்கள். அது 2004-ல் இந்தியா அன்பளிப்பாகக் கொடுத்தது, அவ்வளவே.

'நாசா இணைப் பிரபஞ்சத்தைக் கண்டுபிடித்தது': தவறு. அண்டார்டிகா மேலே பலூனில் பறந்த 'அனிட்டா' என்ற கருவி, பனிக்குக் கீழே இருந்து வருவது போன்ற விசித்திரமான ரேடியோ சிக்னல்களைப் பதிவு செய்தது உண்மை. அதற்கு விளக்கமாகச் சொல்லப்பட்ட பல யோசனைகளில் ஒன்றை மட்டும் எடுத்து, 2020-ல் 'கண்டுபிடித்தாச்சு' என்று பரப்பிவிட்டார்கள்.

'கூகுள் சிப், இணை உலகங்களை நிரூபித்துவிட்டது': தவறு. 2024 டிசம்பரில் 'வில்லோ' குவாண்டம் சிப்பை அறிவித்தபோது, அதன் வேகம் பல உலக யோசனைக்கு வலு சேர்ப்பதாக கூகுள் தரப்பில் எழுதியிருந்தார்கள். அது ஒரு கருத்து, நிரூபணம் இல்லை. அந்த வேகத்தைப் பல உலகம் இல்லாமலேயே மற்ற விளக்கங்களாலும் சொல்ல முடியும்.

'குவாண்டம் ஜம்பிங்' கோர்ஸ்: பணம் கட்டலாமா?

'நீங்கள் பணக்காரராக இருக்கும் இணை உலகத்துக்கு மனதாலேயே தாவுங்கள்', 'பிரிந்துபோனவர் உங்களோடு இருக்கும் உலகத்துக்கு ஷிப்ட் ஆகுங்கள்'. இப்படி ரீல்ஸ் பார்த்திருப்பீர்கள். ஃப்ரீ வீடியோவில் தொடங்கி, கட்டண வகுப்பில் போய் முடியும்.

இதற்கு இயற்பியலில் எந்த ஆதாரமும் கிடையாது. பல உலகக் கோட்பாட்டை எவ்வளவு தீவிரமாக நம்பினாலும், அதில் 'தேர்ந்தெடுப்பது' என்ற பேச்சே இல்லை. எந்தக் கிளையில் இருக்கிறீர்களோ அதில்தான் இருப்பீர்கள். கண்ணை மூடி உட்கார்ந்தால் மனசு அமைதியாகலாம். அதற்குக் குவாண்டம் தேவையில்லை, ஆயிரக்கணக்கில் பணமும் தேவையில்லை. இதில் ஏமாறுபவர்கள் முட்டாள்கள் இல்லை. பெரும்பாலும் சமீபத்தில் எதையோ, யாரையோ இழந்தவர்கள். அந்தத் தவிப்புதான் விளம்பரத்தின் குறி. வீட்டில் யாராவது இதில் மூழ்கிக் கிடந்தால் கிண்டல் செய்யாமல் உட்கார்ந்து பேசுங்கள். தேவைப்பட்டால் மனநல ஆலோசகரிடம் அழைத்துச் செல்லுங்கள்.

கடைசியாக...

கதையில் இரண்டாவது ஜேசனிடம் எல்லாம் இருந்தது. புகழ், பணம், எந்த உலகத்துக்கும் போகும் பெட்டி. அவர் அத்தனை உலகங்களையும் விட்டுவிட்டு வந்து சேர்ந்த இடம் எது தெரியுமா? பெரிய ஆளாக வர முடியாத ஒரு வாத்தியாரின் வீட்டுச் சாப்பாட்டு மேஜை. முதல் ஜேசன் அதே மேஜையில் உட்கார்ந்துதான், 'அன்னைக்கு ஆராய்ச்சியை விடாம இருந்திருந்தா...' என்று யோசித்துக்கொண்டிருந்தார்.